தோப்ரி ஜூரோவுக்கு எட்டு வரிகள்

“பதவி விலகச் சொன்னதற்கு அவர் பெயர் வேண்டும், மக்களின் பெயரை மாற்றியதற்கு மட்டும் அவர் பெயர் வேண்டாமா, சார்?” என்று, ஜெனரல் ஜூரோவைப் பற்றிய களஞ்சியக் குறிப்பை முன்வைத்து எங்கள் துணையாசிரியர் கேட்டபோது நான் சொன்ன பதில் தவறு என்று இன்றும் எனக்குத் தோன்றவில்லை. அது முழுப் பதிலா என்பதில்தான் சந்தேகம். அந்தச் சந்தேகம் அந்தப் பதிப்பு அச்சேறிய பிறகும் தீரவில்லை.

எங்கள் தகவல் களஞ்சியத்தில் இரண்டாம் வரிசைத் தலைவர்களுக்கு எட்டு வரிதான். பல்கேரியாவின் ஜெனரல் தோப்ரி ஜூரோவை அந்த எட்டு வரிக்குள் அடக்குவது தொடக்கத்தில் கடினமாகத் தெரியவில்லை. 1916இல் வ்ரபேவோ கிராமத்தில் பிறந்தார், இரண்டாம் உலகப் போரின்போது சாவ்தார் கெரில்லாப் படையணிக்குத் தலைமை தாங்கினார், 1962 முதல் 1990 வரை 28 ஆண்டுகள் பாதுகாப்பு அமைச்சராக இருந்தார், 1977 முதல் கம்யூனிஸ்ட் கட்சியின் உச்சக் குழுவான பொலிட்பீரோவில் முழு உறுப்பினர், 2002இல் மறைந்தார். இதற்கே நான்கு வரி போய்விடும். மிச்சமுள்ள நான்கு வரியில் எதைச் சொல்வது என்பதுதான் எங்களுக்குள் எழுந்த வழக்கு.

நான் எழுதியிருந்தது 1989 நவம்பரை. ஆட்சியைக் கையில் வைத்து 35 ஆண்டுகளைக் கடந்திருந்த தோதோர் ஷிவ்கோவை நேரில் சந்தித்து, விலகிக்கொள்ளும்படி சொன்ன மூத்த தோழர்களில் ஜூரோவும் ஒருவர். மற்ற இருவர் யோர்தான் யோத்தோவும் திமித்தர் ஸ்தானிஷேவும். இந்தச் சந்திப்பின் கனம் சாவ்தார் படையணியை அறிந்தவர்களுக்கே முழுமையாக விளங்கும். ஷிவ்கோவ் தன் கெரில்லாப் பெருமை அனைத்தையும் அந்தப் படையணியின் பெயரிலேயே கட்டியெழுப்பியவர்; அதன் தளபதியோ ஜூரோவ். 1965 ஏப்ரலில் பழைய கெரில்லாக்களும் ராணுவ அதிகாரிகளும் சேர்ந்து ஷிவ்கோவைக் கவிழ்க்கத் திட்டமிட்டு, சோஃபியா காவற்படையின் தளபதியே அதில் சிக்கியபோதும், பாதுகாப்பு அமைச்சர் பதவி ஜூரோவிடமே இருந்தது. 1968இல் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் சோவியத் அணியின் வார்சா உடன்படிக்கைப் படைகள் நுழைந்தபோது பல்கேரியத் துருப்புகளும் போயின; அப்போதும் அமைச்சர் அவரே. அத்தனை காலம் உடன் நின்ற ஒருவர், “போதும்” என்று சொல்ல வந்தபோது, ராணுவம் இனித் தன் பக்கம் இல்லை என்பது ஷிவ்கோவுக்குப் புரியாமல் இருந்திருக்காது. நவம்பர் 10ஆம் தேதி மத்தியக் குழு அவருடைய விலகலை ஏற்றுக்கொண்டது. துப்பாக்கி ஒன்றும் வெடிக்கவில்லை. இதை விட்டுவிட்டு ஜூரோவைப் பற்றி எழுத முடியாது என்று நினைத்தேன். இப்போதும் அப்படியே நினைக்கிறேன்.

துணையாசிரியர் சேர்க்கச் சொன்னது 1984-85 குளிர்காலத்தை. பல்கேரியாவில் வாழ்ந்த துருக்கியர்களில் சுமார் 8 லட்சம் பேருடைய பெயர்கள், சில மாதங்களுக்குள், வீடு வீடாகவும் ஊர் ஊராகவும், கட்டாயப்படுத்தி ஸ்லாவியப் பெயர்களாக மாற்றப்பட்டன. பதிவேடுகளில் இறந்தவர்களின் பெயர்களும் தப்பவில்லை. கர்ஜலி மாவட்டத்தில் 1984 டிசம்பரில் மக்கள் எதிர்த்துத் திரண்டபோது துப்பாக்கிச் சூடு நடந்தது. டிசம்பர் 26 அன்று தாயின் கையிலிருந்த 17 மாதக் குழந்தையும் இறந்தது. 1985 ஜனவரியில் யப்லானோவோ கிராமத்தார் தடுப்பு அமைத்துச் சில நாட்கள் தாக்குப்பிடித்தார்கள். கவச வாகனங்களைக் கொண்டுதான் அரசு அந்த ஊருக்குள் நுழைய முடிந்தது. நான்கே ஆண்டுகளில், 1989 கோடையில், 3 லட்சத்துக்கும் மேற்பட்டோர் மூட்டை முடிச்சுகளோடு துருக்கிக்குப் போனார்கள். அந்தக் காலம் முழுவதும் பாதுகாப்பு அமைச்சர் யார் என்று கேட்டார் அவர். அந்தக் கேள்விக்குப் பதில் அதே குறிப்பின் மூன்றாம் வரியில் இருந்தது.

நான் சொன்ன காரணம் இது. பெயர் மாற்றம் கட்சித் தலைமையின் கூட்டு முடிவு; களத்தில் அதை முன்னின்று நடத்தியது திமித்தர் ஸ்தொயானோவின் உள்துறை அமைச்சகமும் அதன் காவல் படையும். ஜூரோவ் தனிப்பட என்ன சொன்னார், எந்த உத்தரவில் கையெழுத்திட்டார் என்பதற்கு எங்கள் மேசையில் ஆதாரம் இல்லை. ஒரு மனிதரின் எட்டு வரி வாழ்க்கைக் குறிப்பில், அவர் செய்ததாகக் காட்ட முடியாத ஒன்றை எழுதினால், படிப்பவர் அதை அவர் செய்ததாகவே எடுத்துக்கொள்வார். இது எங்கள் தொழிலின் அரிச்சுவடி. அதற்குத்தான் அவர் அந்தக் கேள்வியைக் கேட்டார். நான், “அது நாடு பற்றிய கட்டுரையில் வருகிறது, அங்கே போதும்” என்று சொல்லிப் பேச்சை முடித்தேன். அவர் மேற்கொண்டு வாதாடவில்லை. திருத்தப் படியில் நான் சொன்னபடியே செய்து அனுப்பினார்.

அவர் வாதாடியிருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும். வாதாடாததால், அவர் சொல்லாமல் விட்டவற்றையும் நானே சொல்லிப் பார்க்க வேண்டியதாயிற்று. நவம்பர் 10 மட்டும் கூட்டு முடிவு இல்லையா? வெளியுறவு அமைச்சர் பெத்தர் ம்லதேனோவ், பிரதமர் கியோர்கி அதனாசோவ், அந்திரேய் லுக்கானோவ் என்று பலர் சேர்ந்து நகர்த்திய காய் அது. மாஸ்கோவின் சம்மதமும் அதற்குப் பின்னால் இருந்தது. அதில் ஜூரோவின் பங்கைத் தனியாகப் பிரித்தெடுத்து அவர் பெயரில் வரவு வைக்க எனக்குத் தயக்கம் வரவில்லை. பற்று எழுதும்போது மட்டும் கணக்குப் பொதுக்கணக்காகி விட்டது. பெயர் மாற்றம் தொடர்பாகப் பின்னாளில் தொடரப்பட்ட வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்களில் ஷிவ்கோவ், ஸ்தொயானோவ் ஆகியோரோடு அதனாசோவும் ம்லதேனோவும் இருந்தார்கள். அதாவது ஷிவ்கோவை இறக்கியவர்களே அவரோடு ஒரே குற்றச்சாட்டில் நின்றார்கள். அந்த வழக்கு தண்டனை எதிலும் முடியவில்லை. 2012இல் பல்கேரிய நாடாளுமன்றம் அந்தக் கொடுமையைக் கண்டித்துத் தீர்மானம் நிறைவேற்றியபோது, 1989 வெளியேற்றத்தை இனச் சுத்திகரிப்பின் ஒரு வடிவம் என்றே சொன்னது. தண்டனை யாருக்கும் இல்லை, கண்டனம் எல்லோருக்கும் என்பது நாடாளுமன்றத்துக்குப் பொருந்தலாம். எட்டு வரிக் குறிப்பு எழுதுகிறவனுக்கு அந்த வசதி இல்லை.

என் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். பதவியில் இருந்தார் என்பதாலேயே எல்லாவற்றையும் ஒருவர் தலையில் ஏற்றத் தொடங்கினால், நாங்கள் எழுதும் ஒவ்வொரு அமைச்சரின் குறிப்பும் அவர் காலத்து நாட்டின் குற்றப் பட்டியலாகிவிடும். அப்படி எழுதப்பட்ட களஞ்சியங்களையும் நான் பார்த்திருக்கிறேன். அவற்றில் மனிதர்களே இல்லை, காலங்கள் மட்டுமே இருக்கின்றன.

ஆனால் இதே பதிப்பில் ம்லதேனோவின் குறிப்பை எழுதியவனும் நானே. 1989 டிசம்பர் 14 அன்று, கட்சியின் தலைமை நிலையை உறுதி செய்த அரசியல் சட்டத்தின் முதலாம் பிரிவை நீக்கக் கோரி நாடாளுமன்றத்துக்கு வெளியே கூட்டம் முழங்கியபோது, டாங்கிகள் வருவதே நல்லது என்று அவர் சொன்னது ஒரு கேமராவில் பதிவாயிற்று. முதலில் அதைப் போலி என்று மறுத்தார். பின்னர் 1990 ஜூலையில் அதன் காரணமாகவே நாட்டின் தலைமைப் பதவியைத் துறந்தார். அந்த வாக்கியத்தை ம்லதேனோவின் குறிப்பில் நான் தயங்காமல் சேர்த்தேன், ஆதாரம் இருந்ததால். அதை அவர் சொன்னது அருகில் நின்ற பாதுகாப்பு அமைச்சரிடம், அதாவது ஜூரோவிடம். டாங்கிகள் வரவில்லை. வராத டாங்கிக்கான பெருமையை யார் குறிப்பில் எழுதுவது? ஜூரோவின் பெயரில் எழுதலாமா என்று ஒரு கணம் எனக்கே ஆசை வந்தது, ஆதாரம் எதுவும் இல்லாமலே. யப்லானோவோவைப் பற்றி ஆதாரம் கேட்ட அதே ஆசிரியனுக்கு வந்த ஆசை அது. எழுதவில்லை, ஆனால் ஆசை எந்தப் பக்கம் சாய்ந்தது என்பதைக் கவனிக்காமல் இருக்க முடியவில்லை.

இப்போது திருத்திய பதிப்புக்கான வேலை நடக்கிறது. ஜூரோவின் குறிப்பில் ஒரு வாக்கியத்தை மாற்றிப் பார்த்தேன்: “1984-85இல் துருக்கியர்களின் பெயர்களைக் கட்டாயமாக மாற்றிய ஆட்சியிலும், 1989இல் ஷிவ்கோவை விலக வைத்த குழுவிலும் இடம்பெற்றிருந்தார்.” இரு பக்கத்துக்கும் ஒரே அளவுகோல். துணையாசிரியரிடம் காட்டினேன். படித்துவிட்டு, “இப்போது அவர் எதையுமே செய்யாதவர் மாதிரி இருக்கிறதே, சார்” என்றார். அதுவும் உண்மைதான். வாக்கியம் இன்னும் பென்சிலில்தான் இருக்கிறது. பக்கத்தை முடிக்கும் நாள் வரை ஸ்தானிஷேவ், யோத்தோவ் ஆகியோரின் குறிப்புகளையும் நான் நிறுத்தி வைத்திருக்கிறேன், அவர்களுக்கும் இதே கேள்வி உண்டு என்பதால்.