படிவத்தில் ஒரு தேதி

நடுநிலை நாடு என்றால் ஓடி வருபவர்களுக்குக் கதவு திறந்திருக்கும் என்றுதான் ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். சுவிட்சர்லாந்து யார் பக்கமும் சேரவில்லை, சரி. ஆனால் 1938 மார்ச்சில் ஆஸ்திரியாவை ஜெர்மனி விழுங்கியதும் அங்கிருந்து யூதர்கள் எல்லைக்கு வர வர, ஆகஸ்டில் கதவை அடைத்துவிட்டார்கள். அதோடு விடவில்லை. பாஸ்போர்ட்டைப் பார்த்ததுமே யூதர் என்று தெரிய வேண்டும் என்பதற்காக ஜெர்மனியோடு பேச்சு நடத்தி, அதன் முடிவில்தான் அந்த அக்டோபரில் யூதர்களின் பாஸ்போர்ட்டில் சிவப்பாக 'ஜே' (யூதர் என்பதற்கான ஜெர்மன் சொல்லின் முதல் எழுத்து) முத்திரை விழுந்தது. இதைப் படித்த அன்று எனக்கு வேறு வேலையே ஓடவில்லை.

ஆஸ்திரிய எல்லையில், சுவிட்சர்லாந்தின் சென்காலன் மாநிலத்தில் டீபோல்ட்சாவ் என்று ஓர் ஊர். 1923இல் அங்கே ரைன் நதியை வெட்டித் திருப்பிவிட்டார்கள், எல்லைக்கோடு மட்டும் பழைய ஆற்றிலேயே தங்கிவிட்டது. ஆழமில்லாத தண்ணீர். தப்பி ஓடியவர்கள் அதில் இறங்கி நடந்தே வந்தார்கள். வந்தவர்களைத் திருப்பி அனுப்ப வேண்டும் என்பது உத்தரவு. மாநிலப் போலீஸ் தலைவர் பவுல் குரூனிங்கர் என்ன செய்தார் தெரியுமா? எல்லை மூடுவதற்கு முன்பே வந்துவிட்டதாகப் படிவத்தில் முன்தேதி போட்டு நூற்றுக்கணக்கானவர்களை உள்ளே விட்டார். அவ்வளவுதான். பேனாவை எடுத்து எந்த மாதத்தை எழுதுகிறார் என்பதில் ஒரு குடும்பம் பிழைப்பதும் பிழைக்காததும் இருந்தது.

இதனால் 1939இல் அவர் வேலை போனது. 1940இல் கோர்ட் 300 பிராங்க் அபராதம் போட்டது, பென்ஷனும் கிடையாது. அப்புறம் நிலையான வேலையே அமையாமல் 1972இல் வறுமையில் இறந்துபோனார்.

போர் உச்சத்தில் இருந்த 1942 ஆகஸ்டில் நிலைமை இன்னும் மோசம். இனத்தின் காரணமாக மட்டும் ஓடி வருபவர் அரசியல் அகதி ஆகமாட்டார் என்று சொல்லி எல்லையில் திருப்பினார்கள். அமைச்சர் ஸ்டைகர் நாட்டை நெரிசலான சின்ன உயிர்காப்புப் படகு என்றார். சுற்றிலும் ஜெர்மனியும் கூட்டாளிகளும், பயம் இருந்திருக்கும், பல்லாயிரம் பேருக்கு இடம் கொடுத்ததும் உண்மை. ஆனாலும் திருப்பி அனுப்பினால் என்ன ஆகும் என்று அதற்குள் மேலிடத்துக்குத் தெரிந்தே இருந்தது, அதைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை.

குரூனிங்கரைக் குற்றமற்றவர் என்று கோர்ட் சொன்னது 1995இல். 2012இல் டீபோல்ட்சாவ் அருகே அந்தப் பழைய ரைன் மேல் இருக்கும் பாலத்துக்கு அவர் பெயரை வைத்தார்கள்.