ஃபைனல் இயர் முடிந்தது: லாங் கேஸுக்குப் போகிறவர்களுக்கு

மருத்துவப் படிப்பின் ஃபைனல் இயர் ரிசல்ட் வந்துவிட்டது. பேட்ச் முழுக்க ஒருவரையொருவர் "டாக்டர்" என்று கூப்பிட்டுக் கலாய்த்துக்கொண்டிருக்கிறோம். பாஸான எல்லாருக்கும் வாழ்த்து. மறுபடி எழுதப்போகிற நண்பர்களையும் ஜூனியர்களையும் மனதில் வைத்துத்தான் இதை எழுதுகிறேன். தியரியை விட்டுவிடுகிறேன், அது உங்களுக்கே தெரியும். லாங் கேஸ் பற்றி மட்டும்: ஒரு நோயாளியை முழுக்க விசாரித்து, சோதித்து, தேர்வாளரிடம் சொல்லும் அந்தத் தேர்வு.

என்னைக் கரைசேர்த்தது ஒன்றே ஒன்று: கேஸை வாய்விட்டுச் சொல்லிப் பழகியது. வார்டில் ஹிஸ்டரி (நோயாளியிடம் கேட்டறியும் நோய் விவரம்) எடுத்ததும் யாராவது ஒருத்தரைப் பிடித்து உட்கார வைத்து, தாளைப் பார்க்காமல் முழுக்கச் சொல்வேன். ஆள் கிடைக்காத நாளில் சுவரிடம். "மூச்சு வாங்குகிறது" என்று சொன்ன உடனேயே நமக்கே கேள்வி வரும்: எவ்வளவு நடந்தால்? படுத்தால் கூடுகிறதா? ராத்திரி தூக்கத்திலிருந்து எழுப்புகிறதா? தேர்வாளர் கேட்பதும் இவற்றைத்தான். அமைதியாக உட்கார்ந்து படிக்கிறவர்களுக்கு இது ஒத்துவராமல் போகலாம். எனக்குப் பேசினால்தான் மண்டையில் ஏறும்.

நேரத்தை ஹிஸ்டரிக்கு வாரிக் கொடுங்கள். 1975இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் வந்த ஓர் ஆய்வில், 80 புதிய புறநோயாளிகளில் 66 பேருக்கு ஹிஸ்டரியை வைத்துச் சொன்ன டயக்னோசிஸே கடைசிவரை நின்றது. ஸ்டெத்தைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு அவசரப்படுகிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

அப்புறம் சில உதிரிகள்:

- மைட்ரல் ஸ்டெனோசிஸ் (இதயத்தின் மைட்ரல் வால்வு சுருங்குவது) சந்தேகமா? இடப்பக்கம் ஒருக்களிக்க வையுங்கள், மூச்சை வெளியே விட்டு நிறுத்தச் சொல்லுங்கள், ஸ்டெத்தின் பெல்லை (குழிந்த பக்கத்தை) அழுத்தாமல் வையுங்கள். அழுத்தினால் அந்தத் தாழ்ந்த உறுமல் காணாமல் போகும்.
- மண்ணீரலை வலது கீழ்வயிற்றிலிருந்து தேடத் தொடங்குங்கள். இடது விலா ஓரத்தில் தொடங்கினால், ரொம்பப் பெரிதான மண்ணீரலின் மேலேயே கை உட்கார்ந்திருக்கும், விளிம்பு சிக்காது.
- வயிற்றைத் தொடும்போது கண் நோயாளியின் முகத்தில் இருக்கட்டும். காலையிலிருந்து எத்தனையோ கைகள் அழுத்திய வயிறு அது. முடிந்ததும் போர்வையைச் சரிசெய்து நன்றி சொல்லுங்கள். நம்மை டாக்டராக்கியதில் அவர்களுக்குப் பெரும் பங்கு உண்டு.
- தெரியாததைத் தெரியாது என்று சொல்லிவிட்டு நகருங்கள்.
- எனக்கு வாய்த்த தேர்வாளர் ஒருவர் நான் பேசும்போது போனையே பார்த்துக்கொண்டிருந்தார். கடுப்பாகத்தான் இருந்தது. நிறுத்தாதீர்கள், பக்கத்தில் இருப்பவர் கேட்டுக்கொண்டிருப்பார்.

பாஸானவர்களுக்கு ஒன்று. மருத்துவர்கள் எடுக்கும் உறுதிமொழியான, 1948இல் வந்த ஜெனீவா பிரகடனத்தில், மருத்துவர் தன் சொந்த உடல்நலத்தையும் பேணுவேன் என்று சொல்லும் வரி 2017 திருத்தத்தில்தான் சேர்ந்தது. அவ்வளவு தாமதமாக வந்த அனுமதியை வீணாக்க வேண்டாம், இன்டர்ன்ஷிப்புக்கு முன் நன்றாகத் தூங்கிவிடுங்கள். மறுபடி எழுதுகிறவர்கள் கேஸ் சொல்லிப் பார்க்க ஆள் வேண்டுமானால் கூப்பிடுங்கள். டூட்டி ஆரம்பிக்கும்வரை சும்மாதான் இருக்கிறேன்.