ஏழு தலைமுறை காத்திருந்த மாதா

தம்பி போன படகு கரை திரும்பாமல் கிடந்த நாட்களில் அம்மா மணப்பாடு குகையிலேயே கிடந்தாள். "சவேரியாரே, பிள்ளையைக் கொண்டாந்து சேர்த்துடும், நீர் போன ஜப்பானுக்கே வந்து கும்பிடுதேன்" என்று நேர்ந்துகொண்டாள். பக்கத்தில் ஒரு கோவிலாகப் பார்த்து நேர்ந்திருக்கலாமே என்று அப்பா இன்றும் முணுமுணுப்பார். தம்பி வந்து சேர்ந்தான். சீட்டுப் பணம், கொஞ்சம் நகை என்று புரட்டி, அம்மாவைக் கூட்டிக்கொண்டு நான் கிளம்பினேன்.

நேர்ச்சைக்குக் காகோஷிமா போதும். நம் முத்துக்குளித்துறையில் ஞானஸ்நானம் கொடுத்துக் கொடுத்துக் கை ஓய்ந்த அந்தப் புனிதர், 1549 ஆகஸ்ட் 15, மாதாவின் விண்ணேற்புத் திருநாளன்று இறங்கிய ஊர் அது. அங்கே நினைவுக் கோவிலில் செபமாலை சொல்லிக் காணிக்கையும் போட்டாயிற்று. ஆனால் அவர் விதைத்தது எங்கே முளைத்து நின்றது என்று பார்க்க வேண்டுமானால் நாகசாகிக்குத்தான் போக வேண்டும்.

நாகசாகியில் எங்களுக்கு ஏற்பாடு செய்துகொடுத்த ஆள் செய்த வேலையைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. திருயாத்திரை என்று சொல்லிப் பணம் வாங்கிவிட்டு, கடைத்தெருவுக்கு அரைநாளும் கோவிலுக்கு அரைமணி நேரமும் ஒதுக்கியிருந்தார். அவரை விட்டுவிட்டு டிராமில் ஏறிக்கொண்டோம்.

முதலில் நிஷிசாகா மேடு. ரயில் நிலையத்திலிருந்து சின்ன ஏற்றம்தான். 1597 பிப்ரவரி 5 அன்று விசுவாசத்துக்காக உயிர்கொடுத்த 26 வேதசாட்சிகளைச் சிலுவையில் அறைந்த இடம். கியோட்டோவில் காதை அறுத்து, குளிர்காலத்தில் இவ்வளவு தூரம் நடத்தியே கொண்டுவந்திருக்கிறார்கள். 26 பேரும் வெண்கலத்தில் வரிசையாக, கால் தரையில் பாவாமல், விண்ணுக்கு எழும்புகிற மாதிரி நிற்கிறார்கள். அதில் கொன்சாலோ கார்சியா நம் வசாயில் பிறந்தவர் என்றதும் அம்மாவுக்கு ஒரே பெருமை. ஆனால் அவள் நின்றது 12 வயது லூயிஸ் இபாராகிக்கு முன்னால்தான். "இவனைப் பெத்தவ என்ன செஞ்சிருப்பாட்டி?" என்றாள். நான் என்னத்தைச் சொல்ல.

அப்புறம் ஓவுரா கோவில். கப்பலில் வந்திறங்கிய கூட்டம் கொடிபிடித்த வழிகாட்டிக்குப் பின்னால் சரிவு முழுக்க அடைத்துக்கொண்டு நிற்கிறது. இரண்டு பக்கமும் கேக் கடைகள். அம்மா முழங்காலைப் பிடித்துக்கொண்டு படிக்கொரு அருள்நிறை மந்திரம் சொல்லி ஏறினாள். வண்ணக் கண்ணாடி, படம் எடுக்கக் கூடாது. அதுவே ஒரு புண்ணியம், கூட்டத்தின் கையில் செல்போன் இல்லை.

வலப்பக்கப் பீடத்தில் மாதா பாலனோடு நிற்கிறாள். அந்தச் சுரூபத்துக்கு முன்னால் எனக்கு முழங்கால் தானாக மடங்கியது. 1614-இல் ஜப்பான் ஆட்சியாளர்கள் கிறிஸ்தவ வேதத்தைத் தடைசெய்து, சாமியார்களைத் துரத்தி, ஒளிந்திருந்தவர்களையும் பிடித்துக் கொன்று, திருப்படத்தைக் காலால் மிதிக்கச் சொல்லிச் சோதித்தார்கள். பூசை இல்லை, சாமியாரிடம் பாவத்தைச் சொல்லி மன்னிப்புக் கேட்கும் பாவசங்கீர்த்தனம் இல்லை. வீட்டுப் பெரியவர்களே ஞானஸ்நானம் கொடுத்தார்கள், பௌத்தர்களின் கன்னோன் தெய்வச் சிலையை மாதாவாக நினைத்துக் கும்பிட்டார்கள். ஏழு தலைமுறை கழித்துச் சாமியார்கள் வருவார்கள் என்று பஸ்தியான் என்ற உபதேசியார் சொல்லிப்போன வார்த்தையைப் பிடித்துக்கொண்டே இருந்தார்கள். 1865 மார்ச் 17 அன்று இந்தக் கோவிலுக்குள் உரகாமி கிராமத்தார் சிலர் வேடிக்கை பார்ப்பதுபோல வந்தார்கள். ஒரு பெண் அங்கிருந்த பிரெஞ்சுக்காரர் பெதித்ஜான் சாமியாரின் காதோரம் போய், எங்கள் நெஞ்சமும் உங்கள் நெஞ்சமும் ஒன்றுதான் என்றாள். அடுத்து அவள் கேட்டது, சாந்தா மரியாவின் சுரூபம் எங்கே என்பதுதான். அந்தச் சுரூபம் இதுதான்!

நமக்கு ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்குக் கொஞ்சம் நேரமானாலே அலுப்பு. இருநூறு வருஷத்துக்கு மேல் ஒரு சாமியார்கூட இல்லாமல் இவர்கள்... அம்மா சேலைத்தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். பின்னால் வந்தவர்கள் நெருக்கினார்கள். நாங்கள் எழுந்திருக்கவில்லை. தம்பிக்காக நன்றி சொல்லத்தான் போனேன், அங்கே யார் யாருக்காகவோ நன்றி சொன்னேன்.

அந்த உரகாமி ஜனங்கள் வெளிப்பட்ட பிறகும் பாடுபட்டார்கள். 3,000 பேருக்கு மேல் ஜப்பானுக்குள்ளேயே வேறு வேறு பகுதிகளுக்குத் துரத்தப்பட்டு, 600-க்கும் அதிகமானோர் செத்தார்கள். 1873-இல்தான் வேதத்தைத் தடைசெய்த அறிவிப்புப் பலகைகளை எடுத்தார்கள். திரும்பி வந்தவர்கள், தங்களைத் திருப்படம் மிதிக்க வைத்த நிலத்தையே வாங்கிப் பெரிய கோவில் கட்டினார்கள். அணுகுண்டு அதற்கு அரைக் கிலோமீட்டர் தள்ளி வெடித்தது. 1945 ஆகஸ்ட் 9, காலை 11.02. உள்ளே பாவசங்கீர்த்தனம் நடந்துகொண்டிருந்ததாம். அந்தக் கோவிலைச் சேர்ந்த பங்கு மக்கள் 12,000 பேர், அதில் சுமார் 8,500 பேர் போய்விட்டார்கள். எரிந்துபோன மாதா சுரூபத்தின் தலை மட்டும் ஒரு சிற்றாலயத்தில் இருக்கிறது, கண்கள் இரண்டும் கரிந்த குழிகளாக. அங்கே என்னால் ரொம்ப நேரம் நிற்க முடியவில்லை. அம்மா நின்றாள்.

மறுநாள் ஞாயிறு, திரும்பக் கட்டிய அந்தக் கோவிலிலேயே பூசை பார்த்தோம். வயதான பெண்கள் நம் ஊர்போலவே வெள்ளை முக்காடு போட்டிருந்தார்கள். பூசை முடிந்ததும் அம்மா ஒரு பாட்டியின் கையைப் பிடித்துக்கொண்டு தம்பி கதையை முழுக்கத் தமிழிலேயே சொன்னாள். அந்தப் பாட்டி ஜப்பானிய மொழியில் தன் கதையைச் சொன்னார். இரண்டு பேரும் அழுது, சிரித்து, செபமாலையை மாற்றிக்கொண்டார்கள். ரயில் போய்விட்டது. ஆண்டவரே, போனால் போகட்டும், உமக்குத் தோத்திரம்!