சட்டமன்றத்தில் ஓர் இடம்கூட இல்லாமல் சட்டம் கொண்டுவருவது: பவேரியாவின் மக்கள் கோரிக்கை

ஜெர்மனியின் பவேரியா மாநிலச் சட்டமன்றத்துக்குள் போக 5 சதவீத வாக்கு வேண்டும். சூழலியல் ஜனநாயகக் கட்சி (ஓ.டே.பே.) 2018இல் வாங்கியது 1.6. ஆனால் அந்த மாநிலத்தின் மேலவையை ஒழித்த 1998 வாக்கெடுப்பும், உணவகங்களில் புகைபிடிப்பதை அடியோடு நிறுத்திய 2010 வாக்கெடுப்பும், 2019இன் ‘தேனீக்களைக் காப்போம்’ சட்டமும் இந்தக் கட்சி தொடங்கிவைத்தவை. மண்ணையும் மரபையும் ஒன்றாகக் காக்க வேண்டும் என்று நினைத்த ஹெர்பர்ட் க்ரூல், கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சியைவிட்டு வெளியேறி, பசுமைக் கட்சியோடும் ஒத்துப்போகாமல் 1982இல் தொடங்கிய கட்சி இது. சின்னக் கட்சிக்கு இருக்கிற உண்மையான ஆயுதம் மக்கள் கோரிக்கைதான்: குடிமக்களே ஒரு மசோதாவை எழுதி, கையெழுத்துத் திரட்டி, சட்டமன்றம் அதை ஏற்கவோ வாக்கெடுப்புக்கு விடவோ வைக்கும் வழி. அதில் கையெழுத்துத் திரட்டும் பக்கம் நின்ற அனுபவத்திலிருந்து, வேலை எங்கே சிக்குகிறது என்பதை எழுதுகிறோம்.

முதல் வேலை தெருவில் இல்லை, மேசையில். ‘இயற்கையைக் காக்க வேண்டும்’ என்ற வேண்டுகோளை யாரும் ஏற்க மாட்டார்கள். எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவு எப்படி மாற வேண்டும் என்று முழு மசோதாவாக, காரண விளக்கத்தோடு எழுத வேண்டும். மாநில வரவு செலவுத் திட்டத்தைத் தொடக் கூடாது. பசுமைக் கட்சி முன்னின்று, ஓ.டே.பே.யும் துணைநின்ற நிலப்பரப்புக் கோரிக்கை 2018 ஜூலையில் மாநில அரசியல் சாசன நீதிமன்றத்தில் விழுந்தது. கட்டடத்துக்கும் சாலைக்கும் ஒரு நாளில் போகும் நிலம் 5 ஹெக்டேரைத் தாண்டக் கூடாது என்ற வரம்பு அதில் இருந்தது. அதை ஊர்களுக்கிடையே எந்த அளவுகோலில் பங்கிடுவது என்பது இல்லை. நல்ல நோக்கம், அரைகுறை வரைவு. சட்டம் தெரிந்த வழக்கறிஞர் கையில் போகாமல் ஒரு படிவத்தைக்கூட அச்சிடாதீர்கள்.

அடுத்து, அனுமதி கேட்கும் விண்ணப்பத்துக்கு வாக்குரிமை உள்ள 25,000 பேரின் கையெழுத்து. இது தெருவில், சந்தையில், தேவாலய வாசலில் வாங்கலாம். இணையக் கையெழுத்து செல்லாது. ஒரு தாளில் ஒரே ஊராட்சியைச் சேர்ந்தவர்கள் மட்டும் இருக்க வேண்டும், ஏனென்றால் அந்தத் தாள் அந்த ஊர் அலுவலகத்துக்குப் போய், ஒவ்வொரு பெயரும் வாக்காளர் பதிவோடு ஒத்துப் பார்க்கப்படும். ரயில் நிலையத்தில் நின்றால் பத்து ஊர்க்காரர்கள் வருவார்கள். ஊர்வாரியாகத் தாள்களைப் பிரித்துக் கையில் வைத்திருங்கள். ஒரே குடும்பத்தில் இரண்டாமவர் முகவரிக்குப் பதிலாக ‘மேற்படி’ குறி போட்டுவிட்டுப் போவார்; அப்போதே முழுதாக எழுத வையுங்கள். 2018இல் தேனீக் கோரிக்கைக்கு ஏறத்தாழ 94,000 கையெழுத்துகள் போயின. தேவையைவிட இத்தனை அதிகம் எதற்கு என்று கேட்டவர்கள் உண்டு. தள்ளுபடியாகும் கையெழுத்துகளை ஈடுகட்ட மட்டுமல்ல. எந்த ஊரில் ஆதரவு இருக்கிறது என்ற வரைபடமே அதில் கிடைத்துவிடுகிறது.

உள்துறை அமைச்சகம் ஆறு வாரத்தில் முடிவு சொல்ல வேண்டும். சட்டச் சிக்கல் இருப்பதாக நினைத்தால் நீதிமன்றத்துக்கு அனுப்பும். அனுமதி வந்த பிறகுதான் மலை ஏறுவதே.

14 நாள். அதற்குள் வாக்காளர்களில் 10 சதவீதம், அதாவது பத்து லட்சத்துக்குச் சற்றுக் குறைவானவர்கள், நேரில் நகராட்சி அலுவலகத்துக்குப் போய், அடையாள அட்டையைக் காட்டிக் கையெழுத்திட வேண்டும். தபால் கிடையாது. கையெழுத்துப் பட்டியல்களை அச்சிட்டு, மாநிலத்தின் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஊராட்சிகளுக்கு அனுப்புவதும் கோரிக்கை வைப்பவர்களின் பொறுப்பு. எத்தனை தாள் தேவை என்று ஒவ்வோர் ஊரையும் கேட்டுக் கணக்கிட ஆள் வேண்டும்.

இங்கே கோரிக்கையைக் கவிழ்க்கக் கூடியது எதிர்ப்பைவிடக் குழப்பம்தான். ‘நான் போன வருடமே போட்டுவிட்டேனே’ என்பார்கள். அது அனுமதிக்கான கையெழுத்து. இப்போது மறுபடி போட வேண்டும். இதை விளக்கும் ஒரு வரி துண்டறிக்கையின் தலைப்பிலேயே இருக்க வேண்டும். அலுவலகம் திறந்திருக்கும் நேரம், மாலையும் வார இறுதியும் எந்த நாள் என்பதை ஊருக்கு ஊர் தனியாக அச்சிடுங்கள். அறைக்குள் பிரசாரம் கூடாது என்பதால், வழிகாட்டும் தொண்டர்கள் வெளியே, தெருவில் நின்றார்கள். வேறு ஊரில் வேலை செய்பவர், பதிவுச் சான்று வாங்கினால் மாநிலத்துக்குள் வேறு இடத்திலும் போடலாம். இது பலருக்குத் தெரியாது.

2005இல் இதே கட்சி கைபேசிக் கோபுரங்கள் பற்றிக் கொண்டுவந்த கோரிக்கை 4.3 சதவீதத்தோடு நின்றுபோனது. தேனீக் கோரிக்கைக்கோ, 2019 ஜனவரி 31 முதல் பிப்ரவரி 13 வரை, நடுங்கும் குளிரில், 17 லட்சத்துக்கும் மேற்பட்டோர் வந்தார்கள். 18 சதவீதத்தைத் தாண்டியது. பறக்கும் பூச்சிகளின் மொத்த எடை 27 ஆண்டில் 76 சதவீதம் குறைந்ததாக, ஜெர்மனியின் கிரேஃபெல்ட் நகரப் பூச்சியியலாளர்களின் ஆய்வு 2017இல் சொன்னது மக்கள் மனதில் இருந்தது. பறவைப் பாதுகாப்புச் சங்கமும் பசுமைக் கட்சியும் கூட்டணியில் இருந்தன. தனியாக நின்றிருந்தால் இத்தனை ஊர்களுக்கு ஆள் கிடைத்திருக்காது.

பிறகு சட்டமன்றம் மசோதாவை மாற்றாமல் ஏற்கலாம், அல்லது மக்கள் வாக்கெடுப்புக்கு விடலாம். இம்முறை ஏற்றது, 2019 ஆகஸ்ட் 1 முதல் சட்டம். நீர்நிலைகளை ஒட்டி 5 மீட்டரில் உழவு கூடாது, 2030க்குள் விளைநிலத்தில் 30 சதவீதம் இயற்கை வேளாண்மை என்பவை அதில் உண்டு.

அதோடு ஓய்ந்துவிடாதீர்கள். பழமரத் தோப்புகளில் ‘உயர் தண்டு மரங்கள்’ காக்கப்படும் என்று சட்டம் சொன்னது. எவ்வளவு உயரம் என்று சொல்லவில்லை. அரசு பின்னர் விதிமுறையில் 1.80 மீட்டர் என்று வைத்தது, பல தோப்புகள் பாதுகாப்புக்கு வெளியே போயின. 5 மீட்டர் விதிக்கு எது ஓடை, எது வெறும் வாய்க்கால் என்பதிலும் ஊருக்கு ஊர் தகராறு. இந்த அளவுகளெல்லாம் முதல் வரைவிலேயே, எண்ணாக எழுதப்பட்டிருக்க வேண்டும்.