பின்கா ஜெல்யாஸ்கோவாவின் படங்களோடு சில நாட்கள்

செப்டம்பர் 4, 2025

பல்கேரியாவில் முழுநீளக் கதைப்படம் இயக்கிய முதல் பெண் என்ற ஒற்றை வரியோடு பின்கா ஜெல்யாஸ்கோவாவைக் கடந்துவிடுவதே வழக்கம். துருக்கி, கிரேக்க எல்லைகளை ஒட்டிய ஸ்விலென்கிராத் என்னும் ஊரில் 1923இல் பிறந்த இவர், இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் பாசிச எதிர்ப்பு இளைஞர் இயக்கத்தில் பங்கேற்றவர். பின்னர் தலைநகர் சோஃபியாவில் நாடகக் கலை பயின்று, திரைத்துறை முழுவதும் அரசுடைமையாகிவிட்ட நாட்டில் படம் எடுக்க வந்தவர். ஆகவே அவரை ஆட்சிக்கு வெளியே நின்று கல்லெறிந்தவராகக் காட்டும் கட்டுரைகள் எனக்கு ஒப்புதலாக இல்லை. தான் நம்பிய கொள்கையின் பெயரால் அதிகாரத்துக்கு வந்தவர்களிடம் அவர் கணக்குக் கேட்டார்; வெளியாளின் வசவைவிட அதுதான் அவர்களை உறுத்தியிருக்க வேண்டும்.

கணவர் ஹ்ரிஸ்டோ கனெவ் எழுத, இருவரும் சேர்ந்து இயக்கிய ‘வாழ்க்கை அமைதியாக ஓடுகிறது’ 1957இல் முடிந்தது. காட்டில் துப்பாக்கி ஏந்திப் போராடிய தோழர்கள், போர் ஓய்ந்து பதவிகளில் அமர்ந்தபின் என்ன ஆனார்கள் என்பதே கதை. ஆளும் கம்யூனிஸ்ட் கட்சியின் தலைமை அதைத் தடுத்துவிட்டது. மக்கள் அதைப் பார்க்க 1988 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

செப்டம்பர் 7

இன்று ‘நாங்கள் இளமையாக இருந்தோம்’ பார்த்தேன். சோஃபியாவின் தலைமறைவுப் போராளிகளைப் பற்றிய படம். 1961இல் மாஸ்கோ திரைப்பட விழாவில் தங்கப் பதக்கம் பெற்றது. விருது வாங்கிய அரசுத் தயாரிப்பு என்றதும் விறைப்பான வீரக்கதையை எதிர்பார்த்து உட்கார்ந்தால், படம் வேறொன்றாக இருக்கிறது. முகம் தெரியாத இருட்டில் இரண்டு டார்ச் லைட்டுகளின் ஒளிவட்டங்கள் ஒன்றையொன்று தேடி, தொட்டு, விலகி, மீண்டும் சேர்கின்றன. ஓர் இளைஞனுக்கும் ஒரு பெண்ணுக்கும் இடையே அரும்பும் காதலை, தொடுகையோ வசனமோ இல்லாமல், அந்த வெளிச்சங்களே சொல்லிவிடுகின்றன. சிமியோன் பிரோன்கோவின் இசை அங்கே துருத்திக்கொண்டு நிற்கவில்லை. சாகப்போகும் பிள்ளைகள் கொஞ்ச நேரம் விளையாடிக்கொள்கிறார்கள் என்ற உணர்வுதான் மேலோங்குகிறது.

செப்டம்பர் 13

‘கட்டப்பட்ட பலூன்’, 1967. யோர்தான் ராதிச்கோவின் கதை. போர்க்காலத்தில் எங்கிருந்தோ கட்டறுத்து வந்த ராணுவ பலூன் ஒன்று மலைக்கிராமத்தின் மேல் மிதக்கிறது. அதன் துணியைக் கிழித்து உடை தைத்துக்கொள்ளலாம் என்ற ஆசையில் ஊர் ஆண்கள் கிளம்புகிறார்கள். வழியெல்லாம் சண்டை, வம்பு, வாய்ச்சவடால். ஆனால் அதை நெருங்க நெருங்க ஆசை மாறி, பலூனின் மீது ஒருவிதப் பாசமே வந்துவிடுகிறது. அப்போதுதான் காவலர்கள் வந்து சுடுகிறார்கள். ஜார்ஜி கலோயான்செவ், ஜார்ஜி பர்த்சலெவ் போன்ற புகழ்பெற்ற நகைச்சுவை நடிகர்களை நிறுத்திவைத்து இப்படியொரு முடிவை நோக்கிச் சிரிக்கச் சிரிக்க அழைத்துப்போவது துணிச்சலான வேலை. இந்தப் படமும் திரையிலிருந்து பிடுங்கப்பட்டது. அடுத்த படத்துக்கு அவர் ஆறு ஆண்டுகள் காத்திருக்க வேண்டியதாயிற்று. இதற்கிடையில், சோவியத் ஆட்சியை விமர்சித்த ரஷ்ய எழுத்தாளர் சோல்செனிட்சினுக்கு நோபல் பரிசு வழங்கப்பட்டதைக் கண்டிக்க மறுத்த எழுத்தாளர்களில் ஒருவரான கனெவ் கட்சியிலிருந்தும் நீக்கப்பட்டார்.

செப்டம்பர் 14

நேற்றைய படத்தை மறுபடி ஓட்டிப் பார்த்தேன். கருப்பு வெள்ளையில் அந்தப் பலூன் ஒரு பெரிய மந்தமான விலங்கைப்போல் அசைகிறது. அதிகாரிகள் எதைக் கண்டு பயந்தார்கள் என்று யோசித்தால், குறிப்பிட்ட ஒரு வசனத்தைச் சுட்ட முடியவில்லை; படம் முழுவதுமே அவர்களுக்குப் பிடிபடாமல் நழுவியிருக்கும்.

செப்டம்பர் 20

‘கடைசிச் சொல்’ 1973இல் வந்து, மறு ஆண்டு பிரான்சின் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்றது. மரண தண்டனை விதிக்கப்பட்ட ஆறு பெண்கள் ஒரே சிறையறையில். அங்கேயே ஒரு குழந்தை பிறக்கிறது. உருவகங்கள் சில இடங்களில் அளவுக்கு மிஞ்சிவிட்டன என்பேன். 1977இல் வந்த ‘நீச்சல் குளம்’ நிதானமான படம். 1980இல் வந்த ‘இரவின் பெருங்குளியல்’ கருங்கடல் கரையில் விடுமுறைக்கு வந்தவர்களைப் பற்றியது: கழுத்தில் சுருக்கோடு கல்லின்மீது நின்று, கல் உருண்டதும் கையிலுள்ள கத்தியால் கயிற்றை அறுத்துத் தப்ப வேண்டிய பழைய திராசிய (அப்பகுதியின் பண்டைய மக்களுடைய) விளையாட்டைப் பொழுதுபோக்காக ஆடப்போய், உயிர்ப்பலியில் முடிகிறது. வசதியான வாழ்க்கையின் சலிப்பை இவ்வளவு கசப்பாக அவர் வேறெங்கும் காட்டவில்லை.

செப்டம்பர் 27

ஸ்லிவென் பெண்கள் சிறையில் எண்பதுகளின் தொடக்கத்தில் அவர் எடுத்த இரண்டு ஆவணப்படங்களும் முடக்கப்பட்டன. ஆக ஒன்பது படங்களில் நான்கு, ஆட்சியின் அந்திமக் காலம்வரை பார்வையாளர்களைச் சேரவில்லை. 1989இல் கம்யூனிஸ்ட் ஆட்சி சரிந்த பிறகு தணிக்கை போயிற்று. படங்களுக்குப் பணம் கொடுத்த அரசு அமைப்பும் குலைந்தது. அதன்பின் 2011இல் இறக்கும்வரை அவர் ஒரு படமும் எடுக்கவில்லை. அதைத் தணிக்கையின் கணக்கில் மட்டும் எழுதிவிட என்னால் முடியவில்லை. யாரிடம் கேள்வி கேட்டுக்கொண்டே இருந்தாரோ அவர்கள் அப்போது நாற்காலியில் இல்லை, அவர் இளமையில் நம்பிய கனவைப் பற்றிக் கேட்கவும் யாருக்கும் அக்கறை இல்லை.