தம்பியின் தலை, ராணியின் மூச்சு

ஜனவரி 3, 2025

132, 123.

தேயிலை ஃபேக்டரியில் ஃபிட்டராக இருந்த காலத்து காலிப்பர் அப்பாவிடம் இன்னும் இருக்கிறது. முனைகளில் பஞ்சு சுற்றி, இரும்பின் சில்லிப்பு போக உள்ளங்கையில் வைத்துச் சூடாக்கிவிட்டுத்தான், என் கைக்குழந்தை தம்பியின் ஒரு பக்கம் தட்டையாகிவிட்ட தலையில் வைத்தார். வலது நெற்றி ஓரத்திலிருந்து இடது பின்மண்டைக்கு 132 மில்லிமீட்டர். இடது நெற்றியிலிருந்து வலது பின்மண்டைக்கு 123. வித்தியாசம் 9. அதைப் பெரிய அளவால் வகுத்து நூறால் பெருக்கினால் 6.8.

தலை எவ்வளவு கோணலாகியிருக்கிறது என்பதற்கு அட்லாண்டா குழந்தைகள் மருத்துவமனை வகுத்த ஐந்து படிகள் எனக்கு மனப்பாடம். 3.5க்குள் இருந்தால் முதல் படி. 6.25 வரை இரண்டாவது, 8.75 வரை மூன்றாவது, 11 வரை நான்காவது, அதற்கு மேல் ஐந்து. என் பிள்ளை மூன்றில் இருக்கிறான்.

ஜனவரி 4

இன்றும் ஜன்னல் பக்கமே திரும்பிப் படுத்திருக்கிறான்.

ஜனவரி 6

காது. ராத்திரி முழுக்க காதுதான்.

தலை தட்டையாவதில் இரண்டு வகை உண்டு. ஒரே பக்கம் படுத்து அழுந்தியதால் வந்தது என்றால், உச்சியிலிருந்து பார்க்கும்போது தலை இணைகரமாகத் தெரியும். தட்டையான பக்கத்துக் காது முன்னால் தள்ளியிருக்கும், அதே பக்க நெற்றியும் கொஞ்சம் முன்னால் வரும். இது ஆபத்தில்லாதது. மண்டை ஓட்டின் பொருத்து ஒன்று முன்கூட்டியே ஒட்டிக்கொண்டதால் வந்தது என்றால், காது பின்னாலும் கீழேயும் இழுபட்டிருக்கும், காதுக்குப் பின்னால் எலும்பு புடைத்திருக்கும். அதற்கு ஆபரேஷன் தேவைப்படும். அந்த வகை மிக அபூர்வம் என்று எல்லா இடத்திலும் போட்டிருக்கிறது. விடியற்காலை இரண்டு மணிக்கு அபூர்வம் என்ற சொல்லை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது?

மடியில் மல்லாக்கப் போட்டு, இரண்டு ஆள்காட்டி விரலையும் இரண்டு காதுத் துளையில் வைத்து மேலிருந்து பார்த்தேன். வலது விரல் முன்னால் இருந்தது. விளக்கைப் போட்டு மறுபடி பார்த்தேன். முன்னால்தான். அப்படித்தான் தெரிந்தது.

அம்மாயி காலையில், "எண்ணெய் வச்சு நாலு நாளைக்குப் புடிச்சு விட்டா தானா உருண்டு வந்துரும் கண்ணு. உங்க எல்லாரு தலையும் நான் புடிச்சதுதான்" என்றாள். எண்ணெய் தேய்க்கட்டும், உச்சிக்குழி பக்கம் மட்டும் அழுத்த வேண்டாம் என்றேன். முகம் சுருங்கிவிட்டது. கடுகுத் தலையணை வேறு தைத்து வைத்திருக்கிறாள். அதை அலமாரியில் வைத்திருக்கிறேன். தூங்கும் பிள்ளைக்குத் தலையணையே கூடாது.

ஜனவரி 8

எங்கள் சப்பை மூக்கு நாய் ராணியையும் அப்பா அளந்தார். மூக்கு நுனியிலிருந்து கண்களுக்கு நடுவில் இருக்கும் பள்ளம் வரை நூல் பிடித்தால் ஒரு சென்டிமீட்டர்கூட இல்லை. பள்ளத்திலிருந்து பின்மண்டை வரை 12. நெதர்லாந்தில், மண்டை நீளத்தில் பத்தில் மூன்று பங்காவது மூக்கு இல்லாத நாயை இனப்பெருக்கத்துக்கு விடக் கூடாது என்று 2019-இல் கொண்டுவந்துவிட்டார்கள். அந்தக் கணக்கில் ராணி பிறந்தேயிருக்க மாட்டாள்.

ஆனால் நாய்க்கு நீளத்தை வைத்து முடிவு செய்ய முடியாது. மூக்கு குறையக் குறைய ஆபத்து கூடும், அவ்வளவுதான். ஒரே அளவு மூக்குள்ள இரண்டு பக் நாய்களில் ஒன்று நன்றாக ஓடும், ஒன்று நாலு படி ஏறினாலே திணறும். எலும்பு மட்டும்தான் குட்டையானது. உள்ளே இருக்கும் சதை குறையவில்லை. மேலண்ணத்தின் தொங்குசதை குரல்வளை வரை போய் அடைக்கிறது. மூச்சுத் திணறலை மதிப்பிடும் கேம்பிரிட்ஜ் முறையில் ஸ்டெதாஸ்கோப் வைத்துக் கேட்பார்கள், மூன்று நிமிடம் ஓட விடுவார்கள், மறுபடி கேட்பார்கள். 0 முதல் 3 வரை மதிப்பு, 3தான் மோசம்.

தம்பிக்கு அழுத்தத்தால் வந்தது. ராணிக்கு மனிதர்கள் தலைமுறை தலைமுறையாகப் பொறுக்கியெடுத்து வரவழைத்தது. வீட்டுக்கு வருகிறவர்கள் எல்லாரும் "எவ்வளவு அழகா குறட்டை விடுது" என்கிறார்கள். அது மூச்சு கிடைக்காத சத்தம் என்று எத்தனை பேரிடம் சொல்வது?

ஜனவரி 9

டாக்டர் அப்பாயின்ட்மென்ட் பொங்கலுக்கு அப்புறம்தானாம். 17.

ஜனவரி 11

ஹெல்மெட். தலை வடிவத்தைச் சரிசெய்யக் குழந்தைக்குப் போடுவது. என் வீட்டுக்காரர் திருப்பூரிலிருந்து போனில் அதையேதான் பேசுகிறார். நாளுக்கு 23 மணி நேரம் போட வேண்டும், ஒரு வயசுக்கு மேல் பலன் இல்லை, இப்போதே ஆரம்பிக்க வேண்டும். கடன் வாங்கியாவது போட்டுவிடலாம் என்கிறார். அவர் பயம் எனக்குப் புரிகிறது.

நான் 2014-இல் வந்த நெதர்லாந்து ஆய்வைச் சொன்னேன். ஐந்து, ஆறு மாதக் குழந்தைகள் 84 பேர். பாதிப் பேருக்கு ஹெல்மெட், பாதிப் பேருக்கு ஒன்றும் இல்லை. இரண்டு வயதில் பார்த்தபோது ஹெல்மெட் போட்டவர்களில் 26 சதவீதம் பேருக்கு முழுக்கச் சரியாகியிருந்தது, போடாதவர்களில் 23. ஏறக்குறைய ஒன்றுதான். மிகக் கடுமையான தட்டையும் கழுத்து இறுக்கமும் உள்ள குழந்தைகளை அதில் சேர்க்கவில்லை, அதையும் சொன்னேன். "அப்போ நம்ம பையன் எதுல சேத்தி?" என்று கேட்டார்.

மல்லாக்கப் படுக்க வைக்காமல் இருந்திருக்கலாமோ என்று அத்தை கேட்டார்கள். இல்லை. 1992-இல் அமெரிக்கக் குழந்தை மருத்துவர்கள் அதைச் சொல்ல ஆரம்பித்த பிறகுதான் அங்கே தூக்கத்தில் இறந்துபோகும் குழந்தைகளின் எண்ணிக்கை பாதிக்கும் கீழே இறங்கியது. தட்டைத் தலைகள் கூடியதும் அதனால்தான். எத்தனை தடவை கேட்டாலும் நான் மல்லாக்கத்தான் போடுவேன்.

ஜனவரி 13

போகிப் புகை. ராணி கட்டிலுக்கு அடியில் கழுத்தை நீட்டி, வாயைத் திறந்தபடி. ஈரத்துணியால் துடைத்து, பின்கட்டில் கதவைச் சாத்தி வைத்தோம்.

ஜனவரி 14

குப்புறப் போட்டால் தலையைத் தூக்கிச் சிரிக்கிறான். பொங்கலோ பொங்கல்.

ஜனவரி 17

கோத்தகிரியிலிருந்து மேட்டுப்பாளையம் இறங்குவதற்குள் ராணிக்கு நாக்கு முழுக்க வெளியே வந்துவிட்டது. மேலே குளிரில் தெரியாதது கீழே வந்ததும் தெரிகிறது.

முதலில் தம்பி. டாக்டரம்மா பேசவே இல்லை, தலையைத் தடவிக்கொண்டே இருந்தார். காது முன்னால்தான் இருக்கிறது, பொருத்துகளில் மேடு எதுவும் தட்டுப்படவில்லை, எக்ஸ்ரே வேண்டாம். அப்போதுதான் எனக்கு மூச்சு வந்தது. கழுத்தின் இடப்பக்கத் தசை இறுக்கமாம், அதனால்தான் வலப்பக்கமே திரும்புகிறான். ஒவ்வொரு தடவை துணி மாற்றும்போதும் மெதுவாக இடப்பக்கம் திருப்பிப் பிடிக்க வேண்டும். தலை வைக்கும் பக்கத்தை மாற்றிப் போட வேண்டும். கிலுகிலுப்பையை இடப்பக்கம் ஆட்ட வேண்டும். விழித்திருக்கும்போது குப்புற. ஹெல்மெட் பேச்சு அடுத்த மாதம்.

அவர் அளந்தது 131, 124. அதாவது 5.3. இரண்டாம் படி!

அப்பாவின் கை தவறா, அவர் கை தவறா என்று கேட்டுவிட்டேன். "ரெண்டும் இல்லம்மா. ஒரு மில்லிமீட்டர் இப்படி அப்படி ஆனாலே படி மாறிடும். ஒரே ஆள், ஒரே கருவி, ஒரு மாசம் கழிச்சு. அந்த ரெண்டை மட்டும் ஒப்பிட்டுப் பாருங்க" என்றார். இனி வீட்டில் அளக்கப் போவதில்லை. அப்பாவிடமும் சொல்லிவிட்டேன்.

அப்புறம் ராணி. கால்நடை ஆஸ்பத்திரி வராந்தாவில் மூன்று நிமிடம் ஓட்டினார்கள். ஸ்டெதாஸ்கோப்பே தேவைப்படவில்லை, எதிர்ப்பக்கம் பெஞ்சில் உட்கார்ந்திருந்த எனக்கே கேட்டது. கிரேடு 2. மூக்குத் துளை இரண்டும் வெறும் கீறலாக இருக்கிறது, உள்ளே இழுக்கும்போது இன்னும் ஒட்டிக்கொள்கிறது. எடை பத்தரை கிலோ, எட்டுக்கு வர வேண்டும். துளையை அகலப்படுத்தும் ஆபரேஷன் சொன்னார்கள். மயக்க மருந்து இந்த மூக்குக்காரர்களுக்குக் கூடுதல் ஆபத்து என்றும் ஒளிக்காமல் சொன்னார்கள். அப்பா திரும்பி வரும் வழியெல்லாம் பேசவில்லை.

ஜனவரி 18

வர்க்கி கொடுக்காதே என்றால் அம்மாயி கேட்பதில்லை. ராணிக்கு.

ஜனவரி 19

இடப்பக்கம் திருப்பினால் அழுகிறான். பிடித்தேன். அழுதான். பிடித்துக்கொண்டே இருந்தேன்.

ராணிக்கு ஆபரேஷன் பண்ணிவிடலாம் என்றார் அப்பா. 30ஆம் தேதி, காலை பத்துக்குள், வெறும் வயிற்றில் கொண்டுவரச் சொல்லியிருக்கிறார்கள். அன்றைக்கே தம்பிக்கும் கோவையில் கழுத்துப் பயிற்சி. ஐந்து மணிக்கே கிளம்பினால் வெயில் ஏறுவதற்குள் மேட்டுப்பாளையத்தைத் தாண்டிவிடலாம். திரும்பும்போது என்ன செய்வது என்றுதான் தெரியவில்லை, மயக்கம் தெளிந்த நாயை மதிய வெயிலில்