14ஆம் இலக்கத் தகடு

எங்கள் பள்ளிக்கூட மலருக்குக் கட்டுரை கேட்டுத் தொலைபேசியில் வந்த மலர்க்குழுத் தம்பி, "கிரிக்கெட்டைப் பற்றி ஏற்கெனவே நாலு பேர் எழுதிப்போட்டினம் அண்ணை, நீங்கள் வேற ஏதும் எழுதுங்கோ" என்றார். எனக்கு வசதியாகப் போயிற்று. கிரிக்கெட்டில் நான் பன்னிரண்டாவது ஆள். தண்ணீர்ப் போத்தலோடு ஓடியதைத் தவிர எழுத ஒன்றும் இல்லை. சமய பாடத்தைப் பற்றி எழுதுகிறேன் என்றேன். தம்பி கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "சரி அண்ணை, சின்னதா எழுதுங்கோ" என்றார்.

1968இல் எங்கள் வகுப்புக்குச் சைவ சமயம் படிப்பித்தவர் உண்மையில் கணித ஆசிரியர். சமயத்துக்கு இருந்தவர் மாற்றலாகிப் போய்விட, ஆள் கிடைக்கும்வரை பாருங்கள் என்று அதிபர் இவரிடம் கொடுத்தார். ஆள் கிடைக்கவே இல்லை. வெள்ளை வேட்டி, வெள்ளை நஷனல் சட்டை, அதன் பையில் எப்போதும் ஒரு சோக்குத் துண்டு. எங்களுக்கு அவர் வெறும் 'சேர்'. இரண்டு பாடமும் அடுத்தடுத்து வரும். கரும்பலகையில் ஒரு பக்கம், எண்களை அடுக்கிப் போடும் பாஸ்கல் முக்கோணம் அழியாமல் இருக்க, மறுபக்கம் பதி, பசு, பாசம் (இறைவன், உயிர், கட்டு) என்று எழுதுவார். அழித்துவிட்டு எழுதினால் என்ன என்று நாங்கள் நினைத்ததுண்டு. அவருக்கு இடம் போதுமாக இருந்தது போல.

ஒருநாள் பாடம், உயிரை மறைக்கும் அழுக்கான ஆணவ மலம். அது உயிரை எப்போது பற்றியது? அநாதியிலேயே, செம்பில் களிம்பு போல. புத்தகத்தில் உள்ள விடை இது. நான் எழுந்து, "செம்பை யாரோ உருக்கித்தானே எடுத்தவை சேர்? அதுக்கு முதல் களிம்பு எங்க இருந்தது?" என்று கேட்டேன். பின் வாங்கு வரிசையில் சிரிப்பு. சேர் சோக்கைப் பையில் போட்டுக்கொண்டு கதிரையில் உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் யன்னல் பக்கம் பார்த்தார். பிறகு, "நாமறியோம்" என்றார்.

நான் வென்றுவிட்டதாக நினைத்தேன். வாத்தியாருக்கே தெரியாத கேள்வி! அந்தத் துணிவில் அடுத்த தவணைப் பரீட்சையில் விடை தெரியாத ஒரு கேள்விக்குக் கீழே பெரிய எழுத்தில் 'நாமறியோம்' என்று எழுதி வைத்தேன். சேர் அதற்குப் பூச்சியம் போட்டு, பக்கத்தில் சிவப்பு மையில் 'நீர் அறியீர்' என்று எழுதித் தந்தார்.

யாழ்ப்பாணத்தவருக்கு அந்தச் சொல் எங்கிருந்து வந்தது என்று சொல்லத் தேவையில்லை. இங்கே சிங்கப்பூரில் பிறந்த பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். நல்லூர் முருகன் கோயில் தேரடியில் பித்தரைப் போல இருந்த செல்லப்பா சுவாமி, தம்மைத் தேடி வந்த சீடர் யோகசுவாமிக்கு நான்கு வாக்கியம் கொடுத்தார் என்பார்கள். எப்பவோ முடிந்த காரியம். ஒரு பொல்லாப்பும் இல்லை. நாமறியோம். முழுதும் உண்மை. யோகசுவாமி 1964இல் சமாதியடைந்தபோது நான் சின்ன வகுப்பு. அவரைப் பார்த்ததில்லை, அவரிடம் ஏச்சு வாங்கியதைப் பாக்கியமாகச் சொல்லித் திரிந்த பெரியவர்களைத்தான் பார்த்திருக்கிறேன். சேர் அவரைப் பற்றிச் சொல்லும்போது துறவையோ அற்புதங்களையோ தொடமாட்டார். "அந்தாள் கிளிநொச்சியில ஸ்டோர்கீப்பரா இருந்தவர். எத்தனை மண்வெட்டி வந்தது, எத்தனை போனது எண்டு எண்ணி எழுதின மனுசன். அப்படிப்பட்டவர்தான் நாமறியோம் எண்டு சொல்லுறார். கணக்குத் தெரியாதவன் சொல்லுறது வேற" என்பார்.

இன்னொன்றும் சொன்னார். அது எனக்கு விளங்கப் பல வருடம் எடுத்தது. 'நான் அறியேன்' என்றால் குறை எனக்கு. 'நாங்கள் அறியோம்' என்றால் கேட்கிற உன்னை வெளியே விட்டுவிட்டேன், ஒருவேளை உனக்குத் தெரிந்திருக்கலாம். 'நாம்' என்றால் சொல்பவன், கேட்பவன் எல்லோரும் உள்ளே. நம்மூரில் எல்லாவற்றுக்கும் 'நாங்கள்' என்றே பேசிப் பழகியதால் இந்த வித்தியாசம் எங்கள் காதில் விழுவதே இல்லை. குருவும் சீடனும் ஒரே பக்கத்தில் நிற்கிற அறியாமை அது. பிறகு ஒரு நாள், சீன நண்பர் ஒருவருக்கு இதை ஆங்கிலத்தில் சொல்லப் பார்த்துத் தோற்றேன். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல்தானே.

1979இல் சிங்கப்பூர் வந்து கப்பல் பட்டறை ஒன்றில் பழுதுபார்க்கும் பகுதியில் சேர்ந்தேன். வெள்ளிக்கிழமைகளில் சிலோன் ரோடு செண்பக விநாயகர், தைப்பூசத்துக்கு டேங்க் ரோடு முருகன் கோயில். நல்லூரில் பறவைக் காவடியும் உருண்டு வரும் பிரதட்டையும் பார்த்து வளர்ந்தவனுக்கு அலகு குத்துவது புதினமில்லை. என்னை நிறுத்தி வைத்தது வேறு. என்னோடு வேலை செய்த சீன ஃபோர்மன் ஒருவர், மஞ்சள் உடுத்து, சிராங்கூன் ரோடு பெருமாள் கோயிலிலிருந்து மூன்று கிலோமீட்டருக்கு மேல் வெறுங்காலோடு பால்குடம் எடுத்து வந்தார். அம்மாவுக்குச் சுகமில்லாதபோது வைத்த நேர்த்தி. இங்கே தைப்பூசத்துக்கு 1968க்குப் பிறகு பொது விடுமுறை கிடையாது, அவரும் என்னைப் போல லீவு போட்டுத்தான் வந்திருந்தார். மறுநாள் தேநீர் நேரத்தில், நடக்கும்போது எப்படி இருந்தது என்று கேட்டேன். நெடுநேரம் யோசித்தார். "சொல்லத் தெரியாது லா" என்றார். முகத்தில் வெட்கம் இல்லை, சொல்லத் தெரியாததில் ஒரு நிறைவுதான் தெரிந்தது.

அவருடைய அந்த முகம்தான் எட்டு வருடம் கழித்து எனக்குத் துணைக்கு வந்தது.

1987. ஒரு எண்ணெய்க் கப்பலின் அடித்தொட்டிக்குள் இறங்கி, ஒட்டுப்போட்ட இரும்புத் தகடுகளைப் பார்த்துவர வேண்டும். இரண்டு ஆள் உயரம். நடுவே தடுப்புச் சுவர்கள், ஒவ்வொன்றிலும் ஆள் நுழையும் ஓட்டை. உள்ளே போகிறவன் தன் இலக்கம் அடித்த பித்தளைத் தகட்டை வாயிலில் உள்ள பலகையில் மாட்டிவிட்டுப் போக வேண்டும். என்னுடையது 14. ஐந்தாறு தடுப்பு தாண்டி ஆழத்தில் இருக்கும்போது விளக்குகள் அணைந்தன. மேலே யாரோ தவறான சுவிட்சை இறக்கிவிட்டார்கள் என்று பிறகு தெரிந்தது. என் கைவிளக்கின் மின்கலம் அன்றைக்கென்று செத்திருந்தது. அது என் பிழை, வேறு யாரையும் சொல்ல முடியாது.

கூப்பிட்டேன். என் குரல் நாலு பக்கத்திலிருந்தும் திரும்பி வந்தது, அது இன்னும் மோசமாக இருந்தது. கண்ணைத் திறந்தாலும் மூடினாலும் ஒன்றுதான். நெஞ்சு அடித்துக்கொண்டது. அப்போது, நினைத்து வரவழைத்ததில்லை, தானாக வந்தது, மனனப் போட்டிக்குச் சேர் சொல்லித்தந்த அருணகிரியார் வரி: 'சும்மா இரு சொல்லற என்றலுமே அம்மா பொருள் ஒன்றும் அறிந்திலனே'. அந்தப் போட்டியில் வேகமாக ஒப்புவித்து இரண்டாம் பரிசு வாங்கியவன் நான். தொட்டிக்குள் மெதுவாகச் சொன்னேன். சொல்லிமுடிக்குமுன் வாய் நின்றுவிட்டது.

அதற்குப் பிறகு நடந்ததை எழுத இரண்டு மூன்று முறை முயன்று கிழித்துப் போட்டுவிட்டேன். பயம் போயிற்று, இது உண்மை. பயப்பட்டவனும் போய்விட்டான் என்று எழுதினால் கவிதை மாதிரி இருக்கும், ஆனால் அதற்குக் கிட்டத்தான் வரும். வெளிச்சம் தெரியவில்லை, குரல் கேட்கவில்லை, முருகன் வரவில்லை. இருட்டு வெறுமையாக இல்லாமல் நிரம்பி இருந்தது. சிதம்பரத்தில் திரையை விலக்கினால் ஒன்றுமில்லாத வெளியும் பொன் வில்வ மாலையும் என்று படித்துப் பரீட்சை எழுதியிருக்கிறோமே, அந்த 'ஒன்றுமில்லை' அன்று வரைக்கும் எனக்கு வெறும் இரண்டு மதிப்பெண்.

விளக்கு வந்தது. வெளியே ஏறி வந்து தகட்டைக் கழற்றினேன். பத்துப் பன்னிரண்டு நிமிடம் இருக்கும் என்றார்கள்.

என் மகன் வைத்தியன். கேட்டுவிட்டு, "ஆக்சிஜன் குறைஞ்சிருக்கும் அப்பா, மூளை அப்படித்தான் செய்யும்" என்றான். அன்று காலை அளந்த அளவு 20.9 சதவீதம், சான்றிதழை நானே பார்த்துக் கையெழுத்து வைத்தேன் என்றேன். 'அப்படியென்றால் மன அழுத்தம்' என்றான். இருக்கலாம். மூளையில் ஒன்றும் நடக்கவில்லை என்று நான் சொல்லவில்லையே. கொத்துரொட்டி சாப்பிடும்போதும் மூளையில் ஏதோ நடக்கிறது, அதற்காகக் கொத்துரொட்டி இல்லை என்று ஆகுமா? இந்த வழக்கு எங்கள் வீட்டில் இன்னும் தீரவில்லை.

ஓய்வு பெற்ற பிறகு விக்டோரியா ஸ்ட்ரீட் தேசிய நூலகத்தில் இதைப் பற்றித் தேடி வாசிக்கத் தொடங்கினேன். வில்லியம் ஜேம்ஸ் என்ற அமெரிக்கர் 1901, 1902இல் எடின்பரோவில் பேசியபோது, இப்படிப்பட்ட அனுபவங்களுக்கு நான்கு அடையாளம் சொன்னாராம். சொல்லில் அடங்காது, ஆனாலும் ஏதோ அறிந்த மாதிரி இருக்கும், நெடுநேரம் நிற்காது, நம் கையில் இல்லை. ஃபோர்மனின் 'சொல்லத் தெரியாது லா' முதலாவது. என்னைக் கேட்டால் கடைசியைத்தான் முதலில் வைப்பேன். தொட்டிக்குள் நான் ஒன்றும் செய்யவில்லை. பிறகு வீட்டில் விளக்கை அணைத்துவிட்டு எத்தனை இரவு உட்கார்ந்திருக்கிறேன், நுளம்புக்கடிதான் மிச்சம்.

அப்புறம், தேடாமலே பாஸ்கல் வந்தார். நம்முடைய அதே முக்கோணக்காரர். 1654 நவம்பர் 23, இரவு பத்தரை மணி அளவிலிருந்து பன்னிரண்டரை வரை அவருக்கு என்னவோ நடந்திருக்கிறது. கணித மேதையல்லவா, நேரத்தைக் குறித்து வைத்திருக்கிறார். அதற்குக் கீழே 'நெருப்பு' என்று ஒற்றைச் சொல். பிறகு, ஆபிரகாமின் கடவுள், ஈசாக்கின் கடவுள், யாக்கோபின் கடவுள், தத்துவவாதிகளுடையதும் அறிஞர்களுடையதும் அல்ல என்று. இதைப் பற்றி அவர் ஊரைக் கூட்டிச் சொல்லவில்லை. தாளைத் தன் மேலங்கியின் உள்துணிக்குள் வைத்துத் தைத்துக்கொண்டார். 1662இல் அவர் இறந்த பிறகுதான் ஒரு வேலைக்காரர் கண்டெடுத்தார். எட்டு வருடம் உடம்போடு வைத்திருந்திருக்கிறார். நூலகத்தில் அந்தப் பக்கத்தில் எழுந்துபோய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன். கரும்பலகையின் ஒரு பக்கத்தில் அழிக்காமல் விட்டிருந்த முக்கோணம் ஞாபகம் வந்தது. சேருக்கு இந்தக் கதை தெரிந்திருந்ததா? கேட்க முடியாது, அதற்குள் அவர் காலமாகிவிட்டார்.

ஆனால் தொட்டிக் கதையைச் சொல்லக் கிடைத்தது. 1996இல் மகளிடம் ஆஸ்திரேலியாவுக்குப் போகிற வழியில் இரண்டு நாள் எங்கள் வீட்டில் தங்கினார். பதினோராவது மாடி. லிஃப்டில் ஏறும்போது கண்ணை மூடிக்கொண்டார். வேட்டி அதே வெள்ளை, ஆள்தான் பாதியாகிவிட்டார். இரவு சாப்பாட்டுக்குப் பிறகு எல்லாவற்றையும் சொன்னேன். இடையில் ஒன்றும் பேசவில்லை. அந்தப் பித்தளைத் தகட்டையும் எடுத்து வந்து காட்டினேன். பட்டறையை விட்டு விலகும்போது தகட்டைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். தொலைந்துவிட்டது என்று பொய் சொல்லி, ஐந்து வெள்ளி தண்டம் கட்டி வைத்துக்கொண்டது. சேர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டுத் தகட்டைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்தார்.

"எவ்வளவு நேரம் உள்ள இருந்தனீர்?"

"பத்துப் பன்னிரண்டு நிமிசம் எண்டு சொன்னவை, சேர்."

"அது வெளியில நிண்டவையின்ர மணிக்கூடு. உமக்கு?"

"தெரியாது, சேர்."

நிமிர்ந்து பார்த்தார். பரீட்சைத் தாள் திருப்பித் தரும்போது இருக்கும் அதே பார்வை.

"தெரியாதோ, அறியோமோ?"

நான் பேசாமல் இருந்தேன். தகட்டை மேசையில் வைத்துவிட்டு, என் மனைவியைக் கூப்பிட்டு இன்னொரு தேத்தண்ணி கேட்டார், சீனி போடாமல்.